கேஜ் கண்ணாடியில் பூ

எனக்குச் சோறு போட்டது ஒரு இங்கிலீஷ் வார்த்தை. கேஜ். ராயபுரம் ரயில்வேயில் தண்டவாளம் பார்க்கும் கேங்கில் சேர்ந்த அன்று, மேஸ்திரி என் கையில் ஒரு இரும்புக் கம்பியைக் கொடுத்து, "இத்த கீழ போட்டுடாத. இதான் கேஜ்" என்றார். இரண்டு தண்டவாளத்துக்கும் நடுவே அந்தக் கம்பியைக் குறுக்கே வைத்தால் இரண்டு முனையும் சரியாக உட்கார வேண்டும். உட்கார்ந்தால் வண்டி போகலாம். ஆடினாலும் சரி, உள்ளே நுழைய மறுத்தாலும் சரி, ஆணியைப் பிடுங்கி மறுபடி அடிக்க வேண்டும். அளவுகம்பி என்று தமிழில் சொன்னால் வண்டி கவிழ்ந்துவிடுமா என்று கேட்டேன். எனக்கு வாய் அப்போதே கொஞ்சம் நீளம். பதிலுக்கு மேஸ்திரி என்னை உச்சி வெயிலில் தண்டையார்பேட்டை வரைக்கும் நடக்கவிட்டார்.

அதற்குப் பிறகு பார்த்தால் எங்கள் பக்கத்தில் எங்கே திரும்பினாலும் ஒரு கேஜ் இருந்தது. துறைமுகத்துக்குள் போகும் பாதையில் பெரிய கேஜ், சின்ன கேஜ் என்று இரண்டு விதமான தண்டவாளம் உண்டு. சில இடத்தில் மூன்று தண்டவாளம் போட்டு இரண்டு விதமான வண்டியையும் ஒரே பாதையில் ஓட்டுவார்கள். எங்கள் கேங்கில் அதற்கு சக்களத்தி லைன் என்று பெயர். கடல் தண்ணீர் ஏறி இறங்குவதைப் பார்க்கத் துறைமுகத்தில் கோடு போட்ட ஒரு கம்பம் நட்டிருந்தார்கள், அதுவும் கேஜ். இன்ஸ்பெக்டர் பங்களாத் தோட்டத்தில் மழையைப் பிடித்து அளக்க ஒரு பித்தளை டப்பா இருந்தது, அதுவும் கேஜ்தான். ஐப்பசி மழையில் கூரை ஒழுகித் தூக்கம் கெட்டவர்கள் காலையில் பங்களா பியூனைப் பிடித்துக்கொண்டு, "நேத்து எத்தினி கேஜ் பேஞ்சிது?" என்று கேட்பார்கள். தானே பெய்துவிட்டு வந்தவர் போல அவர் ஒரு கணக்குச் சொல்வார். அந்தக் கணக்கால் யார் வீட்டு ஒழுகலும் நிற்கப்போவதில்லை. ஆனாலும் கேட்டுவிட்டுப் போவதில் ஒரு திருப்தி.

இந்த வார்த்தையை எங்கள் வீட்டுக்குள் கொண்டுவந்தவர் மாமா, என் அக்காவின் வீட்டுக்காரர். முதல் உலகச் சண்டை முடிந்து ரங்கூன் தேக்கு மறுபடி கப்பலில் வரத் தொடங்கியிருந்த காலம் அது. கடற்கரையை ஒட்டி மரவாடிகள் இருந்த தெருவில் ஒரு மரம் அறுக்கும் மில்லில் அவர் பாய்லர் பார்த்துக்கொண்டிருந்தார். எங்கள் அம்மாவும் அப்பாவும் ஊரையே வாரிக்கொண்டு போன விஷக்காய்ச்சலில் அடுத்தடுத்துப் போய்விட்டார்கள். எனக்கிருந்த ஒரே வீடு அக்கா வீடு. அவர்களுக்குப் பிள்ளை இல்லை. அந்தக் குறையை என் தலையில் எண்ணெய் வைத்தே அக்கா தீர்த்துக்கொண்டாள். மீசை முளைத்த பிறகும் விடவில்லை.

மாமாவுக்கு உலகத்தில் எல்லாவற்றுக்கும் கேஜ்தான். சாயங்காலம் வேலை விட்டு வந்து குந்தியதும் வயிற்றைத் தட்டிக் காட்டி, "மச்சான், கேஜ் அடீல கீது. உங்கக்காவாண்ட சொல்லு" என்பார். அக்கா கோபத்தில் பாத்திரத்தை டொக்கென்று வைத்தால், "ஸ்டீம் ஏறிகினு கீதுப்பா, நான் வெளிய போய் குந்திக்கிறேன்" என்று துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு கிளம்புவார். தெருவில் புதிதாக யாராவது குடிவந்தால், "ஆளு எப்டி, கேஜ் பாத்தியா?" என்று என்னைக் கேட்பார். கள்ளுக்கடைப் பக்கம் மட்டும் தலைவைத்துப் படுக்க மாட்டார். நெருப்போடு வேலை செய்கிறவனுக்கு அது ஆகாது என்பார். இதை இங்கே எழுதிவைப்பதற்குக் காரணம் இருக்கிறது.

ஒருமுறை அக்காவுக்குத் தகரப் பெட்டி வாங்க வண்ணாரப்பேட்டைக்குப் போனோம். கடைக்காரர் இரண்டு பெட்டியைக் காட்டி, இது இருபத்திரண்டு கேஜ், இது இருபத்தாறு கேஜ் என்றார். அக்கா யோசிக்கவே இல்லை. பெரிய நம்பர் பெட்டியை இழுத்துத் தன் பக்கம் வைத்துக்கொண்டாள். தகட்டுக்கு நம்பர் ஏற ஏறக் கனம் குறையும் என்று கடைக்காரர் பொறுமையாகச் சொன்னார். அவர் ஏமாற்றுகிறார் என்று அவளுக்கு முடிவாகிவிட்டது. நிரூபிப்பதற்காக மூடியின் மேல் உட்கார்ந்தாள். மூடி உள்ளே அமுங்கியது. மாமா சிரித்த சிரிப்பில் கடைத்தெருவே திரும்பிப் பார்த்தது. "நம்பரு ஏறுனா தகடு எளைக்குதா? இன்னா கலீஜ் கணக்கு இது!" என்று அக்கா வெள்ளைக்காரனை வைதாள். அமுங்கிய பெட்டியைத்தான் வாங்கி வந்தோம். வேறு எவன் வாங்குவான்? அந்தப் பள்ளம் அந்தப் பெட்டியில் கடைசி வரைக்கும் இருந்தது.

மாமாவின் பாய்லரை ஒரு நாள் போய்ப் பார்த்தேன். யானையைச் சுவரோடு சேர்த்துக் கட்டிவைத்த மாதிரி நின்றது. முகப்பில் ஒரு வட்டக் கடிகாரம், ஒற்றை முள்ளோடு. அதற்குப் பக்கத்தில் முழங்கை நீளத்தில் ஒரு கண்ணாடிக் குழாய். அதற்குள் பாதி வரைக்கும் தண்ணீர் நின்று லேசாக ஆடிக்கொண்டிருந்தது.

"இந்த வட்டம் கீதே, இது அதுக்குக் கோவம் எவ்ளோன்னு சொல்லும். இந்தக் கண்ணாடி கீதே, உள்ள தண்ணி எவ்ளோ கீதுன்னு சொல்லும்" என்றார் மாமா. "கோவம் ஏறுனா எறக்கிக்கலாம் மச்சான். தண்ணி இல்லாம நெருப்பு எரிஞ்சா ஒண்ணும் பண்ண முடியாது. வெடிச்சிடும்."

கண்ணாடிக்கு மேலே ஒன்றும் கீழே ஒன்றுமாகப் பித்தளைக் கைப்பிடிகள் இருந்தன. அவை தொங்கினால் பாய்லருக்கும் கண்ணாடிக்கும் வழி திறந்திருக்கிறது. குறுக்கே படுத்தால் வழி மூடிவிட்டது. மூடிய கண்ணாடியில் பழைய தண்ணீர் அப்படியே நிற்கும். உள்ளே ஒரு சொட்டு இல்லாமல் போனாலும் வெளியே பாதி இருக்கிற மாதிரியே காட்டும். அதனால் காலையில் நெருப்பு வைக்கும் முன்பு, கண்ணாடியின் அடியில் இருந்த சின்னக் குழாயை மாமா திறந்துவிடுவார். தண்ணீர் புஸ்ஸென்று கொட்டும். குழாயை மூடினால் கண்ணாடியில் மறுபடி ஏறி வந்து நிற்கும். "கண்ணாடிய பேச வெக்கிறது" என்று அதற்கு அவர் பெயர் வைத்திருந்தார். பேச வைக்காமல் அவர் ஒரு நாளும் நெருப்பு வைத்ததில்லை.

அந்தப் பாய்லரின் அடிக்குழாய் ஒழுகிக்கொண்டிருந்தது. ராத்திரி முழுக்கச் சொட்டி, விடிந்தால் கண்ணாடியில் தண்ணீர் இறங்கியிருக்கும். எவ்வளவு இறங்கியிருக்கிறது என்று பார்த்து மாமா பம்பு அடித்து நிரப்புவார். பழுது பார்க்கச் சொல்லி முதலாளியிடம் பலதரம் கேட்டார். பூசை முடியட்டும், பார்க்கலாம் என்றே பதில் வந்துகொண்டிருந்தது.

ஆயுத பூசை வந்தது. எங்கள் பக்கத்து மில்களில் அதுதான் பெரிய பண்டிகை. முந்தின நாளே பாய்லரை அணைத்து, கழுவி, கண்ணாடியில் பாதிக்கு மேல் வரும்படி தண்ணீர் நிரப்பி வைத்துவிடுவார்கள். பித்தளையையெல்லாம் புளியும் செங்கல் பொடியும் போட்டுத் தேய்ப்பார்கள். பூசை அன்று மிஷினுக்குச் சந்தனம், குங்குமம், வாழைக்கன்று, பூசணிக்காய். வேலையாட்களின் வீட்டுப் பெண்கள் உள்ளே வருவது அந்த ஒரு நாள்தான். அவரவர் வீட்டுக்காரர் தொட்டு வேலை செய்யும் மிஷினுக்கு அவரவர் பூ வைப்பார்கள். வைத்த பூவை மறுநாள் முதல் மரம் அறுத்து முடிக்கும் வரை யாரும் எடுக்கக் கூடாது. சட்டமாக எங்கேயும் எழுதியதில்லை. எடுத்தவன் மட்டும் அந்த வருஷம் முழுக்க எல்லார் வாயிலும் விழுவான்.

அந்த வருஷம் அக்கா கதம்பத்தை முழக்கணக்கில் தொடுத்து எடுத்துக்கொண்டு போனாள். என் கம்பிக்கும் கடப்பாறைக்கும் எங்கள் கேங் குடிசையில் பூசை இருந்ததால் நான் போகவில்லை. மத்தியானம் பொரியும் வெல்லமும் மடியில் கட்டிக்கொண்டு வந்தாள். முகமெல்லாம் சிரிப்பு. "உங்க மாமா கண்ணாடிக்கு நான்தான்டா பூ வெச்சேன். பூ நிக்கவே இல்ல, வழுக்கி வழுக்கி வுழுந்திச்சி. அப்புறம் ஒரு வழி பண்ணி நிக்க வெச்சேன்" என்றாள். மாமா பொரியை வாயில் போட்டுக்கொண்டே, "பாய்லரு எனக்கு சக்களத்தின்னு இத்தினி நாளா சொல்லிக்கினு இருந்தா. இன்னிக்கு அவளே போய் பூ வெச்சிட்டு வந்துட்டா" என்றார். அக்கா அவர் முதுகில் ஒன்று வைத்தாள். அவர்கள் இருவரையும் நினைக்கிறபோது எனக்கு அந்த மத்தியானம்தான் முதலில் வருகிறது. கூரை ஓட்டையில் வந்த வெயிலில் பொரி மேல் ஈ உட்கார்ந்திருந்தது கூட ஞாபகம் இருக்கிறது.

மறுநாள் விஜயதசமி. நல்ல நேரம் போவதற்குள் சங்கு ஊதி முதல் மரத்தை அறுத்துவிட வேண்டும் என்று முதலாளி சொல்லியிருந்தார். மாமா தலைக்குக் குளித்து, நெற்றி நிறைய விபூதி பூசிக்கொண்டு கிளம்பினார். நான் தண்டையார்பேட்டைப் பக்கம் லைனில் இருந்தேன். கம்பியைத் தண்டவாளத்தின் மேல் வைத்துக் குனிந்திருந்தபோது அந்தச் சத்தம் கேட்டது. கையிலிருந்த கம்பி அதிர்ந்தது. நிமிர்ந்து பார்த்தால் கடற்கரைப் பக்கம் மரத்தூள் மஞ்சளாக மேலே எழும்பிக்கொண்டிருந்தது. அந்த மஞ்சள் தூள் மாமாவின் சட்டையில் தினமும் பார்க்கிற தூள். கம்பியைக் கீழே போட்டுவிட்டு ஓடினேன்.

அங்கே நான் பார்த்ததை எழுத மாட்டேன். மாமாவை மூலக்கொத்தளத்தில் புதைத்தோம். முகத்தைப் பார்க்க அக்காவை விடவில்லை. அதற்காக அவள் என் மார்பில் குத்திய குத்து இப்போதும் வலிக்கிற மாதிரி இருக்கிறது.

புதைத்த ஈரம் காய்வதற்குள் பேச்சு கிளம்பிவிட்டது. கண்ணாடியின் கைப்பிடிகள் இரண்டும் மூடியிருந்தன என்று பாய்லரைப் பரிசோதிக்க வந்த துரை சொன்னாராம். துடைக்கும்போது பாய்லர்காரன் மூடிவிட்டுத் திறக்க மறந்திருக்கிறான், தண்ணீர் பார்க்காமல் நெருப்பு வைத்திருக்கிறான் என்று மில்லில் முடிவு கட்டினார்கள். அடிக்குழாய் ஒழுகியதைப் பற்றி முதலாளி மூச்சு விடவில்லை. தெருவில் இன்னும் ஒரு படி மேலே போய், பண்டிகை இல்லையா, போட்டுக்கொண்டு போயிருப்பான் என்றார்கள். கள்ளின் வாசனையே ஆகாத மனுஷனை!

அக்கா விடவில்லை. வாயைத் திறந்தவனையெல்லாம் பிடித்துக்கொண்டாள். தண்ணீர்க் குழாயடியில், மளிகைக் கடையில், மரவாடி வாசலில் வண்டிக்காரர்களிடம், எங்கே பார்த்தாலும் ஒரே பேச்சு. "அவரு கேஜ் பாக்காம நெருப்பு வெக்கிற ஆளா? சோறு துண்றதுக்குக்கூட கேஜ் பாக்கற மனுசன்யா அவரு!" சொல்லும்போது குரல் உடையும், உடைந்த குரலிலேயே சண்டை போடுவாள். புருஷன் போன துக்கத்தைவிட அவர் பேர் போனதுதான் அவளை எரித்தது. அவர் இருந்தவரை அவர்களுக்கு இருந்த ஒரே சொத்து அந்தப் பேர். அதை மீட்டுவிட வேண்டும் என்பதற்காகத்தான் அவள் காலையில் எழுந்து முகம் கழுவினாள் என்றுகூடச் சொல்வேன்.

மாமாவோடு வேலை செய்தவர், பாய்லருக்குள் கட்டை போடுகிற பெரியவர், உடம்பெல்லாம் வெந்து ஆஸ்பத்திரியில் கிடந்தார். பிழைத்துக்கொள்வார் என்று சொன்னபிறகு போய்ப் பார்த்தேன். பக்கத்தில் வரச் சொல்லிச் சைகை காட்டினார்.

"நைனா, மேஸ்திரி மேல தப்பு கெடையாது" என்றார். மாமாவை அவர் அப்படித்தான் கூப்பிடுவார். "அவரு கண்ணாடிய பாத்தாரு. பாதிக்கு மேல தண்ணி நின்னுகினு இருந்திச்சி. 'இன்னாய்யா, ராத்திரி பூரா ஒழுகியும் எறங்கவே இல்ல, சாமிதான் காப்பாத்திகீது'ன்னாரு. பேச வெக்கறதுக்கு சின்னக் குழாயாண்ட கைய கொண்டுபோனாரு. அது மேல, கைப்பிடி மேலல்லாம் பூவு மூடிகினு கெடந்திச்சி. கைய இஸ்துக்கினாரு. 'வேணாம், அவ கட்னது. மொத மரம் ஓடட்டும், அப்பால எடுத்துக்கலாம்'ன்னாரு."

கைப்பிடியை யார் மூடியது என்ற கேள்வி என் வாய் வரைக்கும் வந்துவிட்டது. அவரே சொன்னார்.

"பூசை அன்னிக்கு தங்கச்சி பூவு வெச்சிச்சி இல்ல? கைப்பிடி கீழ தொங்குனா பூவு வழுக்கிகினு வந்திச்சி. குறுக்கால திருப்பிச்சி. ரெண்டத்தையும். அப்பறம் பூவு அழகா நின்னுகிச்சி. மேஸ்திரி அந்தாண்ட பொரி வாங்கிகினு இருந்தாரு. நான் பாத்துகினுதான் இருந்தேன். எனக்கு கட்டை போடத்தான் தெரியும், அது எதுக்கு கீதுன்னு எனக்கு இன்னா தெரியும்?" என்று அழுதார். வெந்த கன்னத்தில் கண்ணீர் பட்டதும் வலியில் முனகினார்.

ஆஸ்பத்திரி வாசலில் வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். மாமாவின் பேரைத் திருப்பி வாங்க அக்கா தேடிக்கொண்டிருந்த சாட்சி எனக்குக் கிடைத்துவிட்டது. பெரியவர் சொன்னதைத் தெருவில் சொன்னால் போதும், மாமா கவனமில்லாதவரும் இல்லை, குடிகாரரும் இல்லை. ஆனால் அதைச் சொன்னால், உன் கைதான் மூடியது என்றும் அக்காவிடம் சொல்ல வேண்டும். அவளைத் தெரிந்தவன் நான். அதற்குப் பிறகு ஒரு ராத்திரிகூட உயிரோடு இருக்க மாட்டாள். திரும்ப உள்ளே போய், யாரிடமும் சொல்ல வேண்டாம் என்று பெரியவரிடம் கையைப் பிடித்துக் கேட்டேன். அவர் தலையை ஆட்டினார். சாகும்வரை அவர் வாயைத் திறக்கவில்லை.

"இன்னாடா சொன்னாரு அவரு?" என்று அக்கா வாசலிலேயே மறித்தாள்.

"பாய்லருக்கு ஊத்தறது உப்புத் தண்ணி இல்லியா, கண்ணாடிக்குப் போற வழிய உப்பு அடைச்சிகிச்சாம்" என்றேன்.

"அப்ப கைப்பிடி மூடி இருந்திச்சின்னு சொல்றாங்களே?"

"வெடிச்ச வேகத்துல திரும்பி இருக்கும்."

அவள் என்னை ஒரு பார்வை பார்த்தாள். மறுநாள் எனக்குச் சொல்லாமல் மில்லுக்குப் போய்விட்டாள். எனக்கு விஷயம் தெரிந்தபோது அவள் திரும்பி வந்துகொண்டிருந்தாள். உடைந்த பாய்லரின் முகப்பை முற்றத்தில்தான் போட்டிருந்தார்கள். அதை ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டு நின்றதாக வாட்ச்மேன் சொன்னார். யாரிடமும் சண்டை போடவில்லையாம். வீட்டுக்கு வந்து குளித்தாள், உலை வைத்தாள், எனக்குச் சோறு போட்டாள். அன்றோடு மாமாவைப் பற்றி யாரோடும் வாதாடுவதை விட்டுவிட்டாள். குழாயடியில் அவள் காதில் விழும்படி, "தண்ணி பாக்காத மனுசன்" என்று எவளாவது சொன்னாலும், குடத்தைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு வந்துவிடுவாள். உப்பு அடைத்தது என்று நம்பிவிட்டாள், மனசு ஆறிவிட்டது என்று நான் எடுத்துக்கொண்டேன். எனக்கு அப்போது பெரிய நிம்மதி. அப்பாடா என்று தூங்கினேன்.

வருஷங்கள் போயின. நான் மேஸ்திரி ஆனேன். கல்யாணமும் ஆயிற்று, அக்கா எங்களோடுதான் இருந்தாள். பீச்சிலிருந்து தாம்பரத்துக்குக் கரண்டு வண்டி ஓடத் தொடங்கியிருந்தது. சின்ன கேஜ் வண்டிக்கு வந்த வாழ்வைப் பார் என்று பெரிய கேஜ்காரர்கள் நாங்கள் பொருமிக்கொண்டிருந்தோம். ஆயுத பூசைக்குக் கேங் குடிசையில் கும்பிட்டு முடித்ததும் என் கேஜ் கம்பியை வீட்டுக்கும் கொண்டு வருவேன். ரயில்வே சாமானை வீட்டுக்குக் கொண்டு போவது குற்றம்தான். எந்த இன்ஸ்பெக்டர் வந்து பார்க்கப் போகிறான்? அரிவாள்மணை, சுத்தியல் எல்லாவற்றோடும் அதையும் வைத்துக் கும்பிடுவோம். பூசையை அக்காதான் செய்வாள்.

ஒரு வருஷம் அவளுக்கு முழங்கால் வலி. சுவரோரம் குந்தியிருந்தாள். என் வீட்டுக்காரி முதல்முறையாகப் பூசை வேலையை எடுத்துச் செய்தாள். மிச்சமிருந்த கதம்பத்தைக் கேஜ் கம்பியில் சுற்றிக் கட்டப் போனாள்.

"அதுல கட்டாத!"

அந்த மாதிரிக் குரலை அக்காவிடமிருந்து நான் பல வருஷமாகக் கேட்டதில்லை. முழங்கால் வலியோடு எழுந்து வந்து, பூவைப் பிடுங்கித் தரையில் கம்பிக்கு எதிரே வைத்தாள். "கீழ வெய்யி. சாமி ஏத்துக்கும்" என்றாள். என் வீட்டுக்காரி முகத்தைத் தூக்கிக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. இத்தனை வருஷமும் அக்கா பூவைத் தரையில்தான் வைத்திருக்கிறாள். ஒரு தடவைகூட எந்தச் சாமான் மேலும் கட்டியதில்லை. எதிரே உட்கார்ந்து கும்பிட்டுக்கொண்டிருந்தவனுக்கு அது கண்ணில் படவில்லை.

"அக்கா" என்றேன்.

"இன்னாடா?"

தரையில் இருந்த பூவைக் காட்டினேன். அவள் மறுபடி சுவரோரம் குந்தி, முழங்காலைத் தேய்த்துக்கொண்டே பேசினாள்.

"அந்த மில்லாண்ட போனேன் இல்ல, அன்னிக்கு. கைப்பிடி குறுக்கால கெடந்திச்சி. நான் எப்டி திருப்புனனோ அப்டியே கெடந்திச்சிடா. அங்க இருந்த ஆள கூப்ட்டு, இது இப்டி இருந்தா இன்னா அர்த்தம்னு கேட்டேன். சொன்னான்."

"அக்கா, நான் வந்து..."

"தெரியும். உப்புன்னு சொன்னியே. உனக்கு பொய்யி சொல்ல வராது, மூஞ்சில எழுதி ஒட்டிகினு இருந்திச்சி. எனக்கோசரம்தான் சொல்றன்னு தெரிஞ்சிது. சரி, எனக்கு தெரியாதுன்னே அவன் நெனச்சிகினு இருக்கட்டும், இல்லன்னா அவனும் தூங்க மாட்டான்னு நான் வாய மூடிகினேன்." தேய்த்துக்கொண்டிருந்த கையை எடுத்தாள். "நீ எனக்கோசரம் சும்மா இருந்த. நான் உனக்கோசரம் சும்மா இருந்தேன். நடுவுல அவரு பேரு போச்சிடா."

அப்படிச் சொல்லிவிட்டு அழுதாள். மாமா செத்தபோது அழுததைப் போலவே அழுதாள். நானும் அழுதேன். என் வீட்டுக்காரி சமையல் கட்டிலிருந்து எட்டிப் பார்த்துவிட்டு, தன் மேல் கோபம் என்று நினைத்து அவளும் அழ ஆரம்பித்தாள். யாரும் யாருக்கும் ஒன்றும் விளக்கவில்லை.

சாயங்காலம் பொரியைக் கொண்டுவந்து வைத்தேன். அக்கா ஒரு பிடி எடுத்து, தின்னாமல் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தாள். "நீ நாலெழுத்து படிச்சவன். அவரு கேஜ் பாத்தாருன்னு ஒரு நாளைக்கு எங்கனா எழுதி வெய்யி. நான் போனப்பறம் எழுது. கைப்பிடிய திருப்பினது நான்தான்னும் எழுது. அத்த வுட்டுட்டு எழுதினா யாரு நம்புவான்?" என்றாள்.

அக்கா போன தை மாதம் காலமானாள். அவளையும் மூலக்கொத்தளத்தில்தான் வைத்தோம். மாமாவின் இடம் எதுவென்று இப்போது அடையாளம் தெரியவில்லை. ஏறக்குறைய அந்தப் பக்கம்தான். பள்ளம் விழுந்த தகரப் பெட்டி என்னிடம் இருக்கிறது. மாமாவைக் குடிகாரர் என்று சொன்னவர்களில் முக்கால்வாசிப் பேர் செத்துப்போனார்கள். மிச்சமிருப்பவர்களுக்கு அவரை ஞாபகம் இருக்குமா என்பதே சந்தேகம். அந்த இடத்தில் மில்லும் இல்லை, மரவாடியும் இல்லை. யாருக்காக எழுதுகிறாய் என்று என் வீட்டுக்காரி கேட்கிறாள். எனக்கும் தெரியவில்லை. அக்கா சொன்னபடி இரண்டையும் எழுதிவிடுகிறேன்.

கைப்பிடியைத் திருப்பியது என் அக்கா. பூ வழுக்கி விழாமல் நிற்க வேண்டும் என்று திருப்பினாள். மாமா கேஜைப் பார்த்தார். பார்த்துவிட்டுத்தான் நெருப்பு வைத்தார்.